எந்த மக்கள், எந்த வெள்ளிக்கிழமை?

“லேடி டைரக்டர் படம் போகாது சார்.” கோடம்பாக்கத்தில் இதைச் சொல்கிறவர்கள் யாரும் குரலை உயர்த்துவதில்லை. முப்பது வருஷம் வியாபாரம் பார்த்த அனுபவஸ்தர்கள், வருத்தத்தோடுதான் சொல்வார்கள். கொஞ்சம் படித்தவர்கள் அதையே நாகரிகமாகச் சொல்வார்கள்: சினிமாவுக்கு ஆண், பெண் கிடையாது, கன்டென்ட் நன்றாக இருந்தால் ஓடும், பெண்கள் எடுப்பது ஃபெஸ்டிவல் படம், மக்கள் பார்ப்பதில்லை, அதனால்தான் அவர்களுக்குப் பத்து வருஷத்துக்கு நாலு படம். எங்கே சுற்றினாலும் கடைசியில் பழி விழுவது மக்கள் தலையில். மக்கள் பார்த்தார்கள், வேண்டாம் என்றார்கள், கதை முடிந்தது.

எனக்கு இந்த ‘மக்கள்’ என்ற சொல்லில்தான் சந்தேகம். நான் இருப்பது தண்டலத்தில். பூந்தமல்லியைத் தாண்டி பெங்களூரு நெடுஞ்சாலையில் வந்தால், ஸ்ரீபெரும்புதூருக்கு முன்னால் இருக்கிற ஊர். மருத்துவக் கல்லூரி, பொறியியல் கல்லூரி, பிறகு விடிகாலையிலிருந்து நள்ளிரவு வரை ஓயாத கம்பெனி பஸ். இருங்காட்டுக்கோட்டை, சுங்குவார்சத்திரம், ஒரகடம், வல்லம் வடகால் என்று இந்தப் பக்கம் முழுக்க ஷிஃப்ட் கணக்கில் வாழ்கிற ஊர்கள். லைனில் நிற்கிறவர்களில் பெண்கள் ஏராளம். பெரும்பாலும் இருபதுகளில் இருக்கிறவர்கள், வெளி மாவட்டங்களிலிருந்தும் வெளி மாநிலங்களிலிருந்தும் வந்தவர்கள். 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் சிப்காட் திறந்த பெண் தொழிலாளர் குடியிருப்பு ஒன்றில் மட்டும் 18,720 பேர் தங்கலாம். 706 கோடி ரூபாய்க்கு மேல் செலவு. 18,720 பெண்கள் ஒரே வளாகத்தில் என்றால் அது ஒரு சின்ன டவுன். சினிமாக்காரர்கள் எந்த மக்களைச் சொல்கிறார்களோ அந்த மக்கள், டிக்கெட் வாங்குகிற வயதில், சொந்தச் சம்பளத்தோடு, இங்கே இருக்கிறார்கள். சினிமாவும் பக்கத்திலேயேதான் இருக்கிறது. பூந்தமல்லி பக்கம் திரும்பிக் கொஞ்ச தூரம் போனால் செம்பரம்பாக்கத்தில் ஈ.வி.பி. பிலிம் சிட்டி. பிக் பாஸ் வீடு அங்கேதான். 2020 பிப்ரவரியில் ‘இந்தியன் 2’ படப்பிடிப்பில் கிரேன் சாய்ந்து மூன்று பேர் செத்ததும் அங்கேதான். இத்தனை பக்கத்தில் இருந்தும் இந்தப் பெண்களிடம் ஒரு பெண் இயக்குநரின் படம் எத்தனை தடவை வந்து நின்றிருக்கிறது? வந்து நின்றால்தானே வேண்டாம் என்று சொல்ல முடியும்.

பொதுவாகப் பேசினால் நழுவிவிடுவார்கள். ஒருவருடைய கணக்கை எடுத்துப் பார்ப்போம். ஹலிதா ஷமீம். எழுதுகிறவர், இயக்குகிறவர், படத்தொகுப்பும் தெரிந்தவர். புஷ்கர்-காயத்ரியிடம் உதவி இயக்குநராக இருந்தவர். ‘பூவரசம் பீப்பீ’ 2014 மே மாதம் வந்தது, ‘சில்லுக் கருப்பட்டி’ 2019 டிசம்பர் கடைசியில், ‘ஏலே’ 2021, ‘மின்மினி’ 2024 ஆகஸ்ட். நடுவே 2022இல் ‘புத்தம் புது காலை விடியாதா’ தொகுப்பில் ஒரு குறும்படம். நாலு முழுநீளப் படம், பத்து வருஷம். அனுபவஸ்தர் விரல் விட்டு எண்ணிவிட்டு, “பாத்தீங்களா” என்பார். பார்ப்போம்.

‘ஏலே’யிலிருந்து ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் அந்தப் படத்துக்கு நடந்ததில் எல்லாமே இருக்கிறது. ஊர் ஊராக ஐஸ் விற்கிற, சந்தோஷமாக எல்லாரையும் ஏமாற்றுகிற ஒரு அப்பா. அவர் செத்துப்போனதாகச் செய்தி வந்து ஊர் திரும்புகிற மகன். எழவு வீட்டில் எல்லாரும் அழ, அவனுக்கு மட்டும் அழுகை வரவில்லை. சமுத்திரக்கனியும் மணிகண்டனும். இதில் எங்கே ஃபெஸ்டிவல் இருக்கிறது? பழநிப் பக்கத்துக் கிராமம், ஊர்ப் பேச்சு, ஊர்ச் சிரிப்பு. ஒய்நாட் ஸ்டூடியோஸ் மாதிரி பெயருள்ள நிறுவனம் தயாரிப்பில் இருந்தது. 2021 பிப்ரவரி 12 தியேட்டரில் வெளியீடு என்று அறிவித்துவிட்டார்கள்.

அதே வருஷம் பொங்கலுக்கு ‘மாஸ்டர்’ வந்தது. ஜனவரி 13இல் தியேட்டர், 29ஆம் தேதியே அமேசான் பிரைம். தியேட்டர்காரர்களுக்குக் கோபம், நியாயமான கோபம்தான், கொரோனாவில் மாதக்கணக்கில் பூட்டிக் கிடந்துவிட்டு அப்போதுதான் திறந்திருந்தார்கள். இனிமேல் முப்பது நாளைக்கு ஓடிடியில் விடமாட்டோம் என்று எழுதிக் கொடுத்தால்தான் படம் போடுவோம் என்றார்கள். அந்தக் கடிதத்தைக் கேட்டது அடுத்து வரிசையில் நின்ற ‘ஏலே’யிடம். படம் தியேட்டருக்கு வரவில்லை. பிப்ரவரி 28ஆம் தேதி நேரடியாக விஜய் டிவியில் போட்டார்கள், பிறகு நெட்ஃபிளிக்ஸ். நட்சத்திரப் படம் செய்த காரியத்துக்கு அபராதம் கட்டியது ஐஸ்காரர் படம். இந்தப் படத்தை மக்கள் நிராகரித்தார்கள் என்று எந்த வாயால் சொல்வது? டிக்கெட் கவுன்ட்டரே திறக்கவில்லை. ஆனாலும் அவருடைய கணக்கில் இது ‘தியேட்டர் ஹிட் இல்லாத படம்’ என்றுதான் ஏறியிருக்கும். அடுத்த தயாரிப்பாளர் பார்க்கிறது அந்த ஒரு வரியைத்தான்.

அடுத்து அந்த ஐந்தரை வருஷம், ‘பூவரசம் பீப்பீ’க்கும் ‘சில்லுக் கருப்பட்டி’க்கும் நடுவில் இருப்பது. இதை ‘கேப்’ என்கிறார்கள். கம்பெனி இன்டர்வியூவில் பிள்ளை பெற்றுவிட்டு வந்த பெண்ணிடம் கேட்கிற அதே கேள்வி. உண்மையில் ‘மின்மினி’ தொடங்கியது ‘சில்லுக் கருப்பட்டி’க்கு முன்னால். பள்ளிக்கூடப் பகுதியைச் சிறுவர்களை வைத்து எடுத்துவிட்டு, அதே பிள்ளைகள் வளர்ந்து ஆளாகட்டும் என்று வருஷக்கணக்கில் காத்திருந்து மீதியை எடுத்த படம் அது. முகத்தில் மீசை ஒட்டியோ வேறு நடிகர்களைப் போட்டோ முடித்திருக்கலாம். செய்யவில்லை. தமிழில் எந்தப் பெரிய கம்பெனியும் இப்படி ஒரு படத்துக்குப் பொறுமையாக இருந்ததில்லை. அந்தக் காத்திருப்பு ஒரு கலை முடிவு. எண்ணுகிறவர் கண்ணுக்கு அது சும்மா இருந்த காலம். எனக்கு ‘மின்மினி’யின் இமயமலைப் பகுதி இழுவையாகத்தான் பட்டது, முதல் பாதியில் இருந்த உயிர் அதில் இல்லை. அது வேறு விஷயம். படம் சறுக்கியது என்று நான் சொல்கிறேன். இவரால் முடியாது என்று அவர்கள் சொல்கிறார்கள். இரண்டும் ஒன்றாகிவிடாது.

இங்கே தண்டலத்துப் பக்கம் கம்பெனிகளில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவரை டிரெய்னியாக எடுப்பார்கள். பர்மனென்ட் ஆள் செய்கிற வேலையைத்தான் அவரும் செய்வார். காலம் முடிந்ததும் அனுப்பிவிடுவார்கள். அடுத்த கம்பெனியில் மறுபடி டிரெய்னி. பத்து வருஷம் லைனில் நின்ற பெண், காகிதத்தில் பத்தாவது தடவையாகப் புதுசு. பெண் இயக்குநரின் வாழ்க்கை இதேதான். மதுமிதாவைப் பாருங்கள். ‘வல்லமை தாராயோ’ 2008, ‘கொல கொலயா முந்திரிக்கா’ 2010, ‘மூணே மூணு வார்த்தை’ 2015. ‘கேடி என்கிற கருப்புதுரை’ 2019இல் வந்தபோது பல பேர் அவரை அறிமுக இயக்குநர் போலத்தான் பாராட்டினார்கள். தன்னைச் சாகடிக்கத் தலைக்கூத்தல் போடப் போகிறார்கள் என்று தெரிந்து வீட்டை விட்டு ஓடுகிற கிழவரும், கோயிலில் வளர்கிற அநாதைச் சிறுவனும் பிரியாணி தேடி ஊர் சுற்றுகிற படம். மு. ராமசாமியின் முகத்தில் சோற்றாசையும் சாவு பயமும் சேர்ந்தே தெரியும். நாலாவது படத்தில் புதுமுகம் என்றால், எத்தனாவது படத்தில் பழைய முகம் ஆவது? ஜானகி விஸ்வநாதன் 2001இல் ‘குட்டி’ எடுத்தார். வீட்டு வேலைக்கு அனுப்பப்படுகிற சின்னப் பெண்ணின் கதை, அதில் நடித்த குழந்தைக்குத் தேசிய விருது கிடைத்தது. 2004இல் ‘கனவு மெய்ப்பட வேண்டும்’. அடுத்த படத்துக்குப் பத்து வருஷம் போய், அதுவும் இந்திக்குப் போனார். தேசிய விருது வாங்கின படத்தின் இயக்குநரைத் தேடி யாரும் பெட்டியோடு வரவில்லை.

ஏன் வருவதில்லை என்பதற்கு வியாபாரக் காரணம் இருக்கிறது. அதில் மர்மம் ஒன்றும் கிடையாது. தமிழில் படத்தை விற்பது ஹீரோவை வைத்து. சாட்டிலைட், ஓடிடி, வெளிநாடு எல்லாவற்றுக்கும் விலை ஹீரோ பெயரில்தான் நிற்கும். கதையில் குப்பை பொறுக்குகிற பையனும், தனியாக வாழ்கிற வயசான பெண்மணியும் இருந்தால் வியாபாரம் ஆரம்பிக்கும் முன்பே பாதி கழிந்துவிட்டது. கையிலிருந்து போட்டோ நண்பர்களிடம் வாங்கியோ எடுத்து முடித்தால், ஒவ்வொரு ஸ்கிரீனுக்கும் டிஜிட்டல் கம்பெனிக்கு வி.பி.எஃப். கட்டணம் கட்ட வேண்டும். 2018இல் மார்ச் தொடங்கி ஏப்ரல் நடுப்பகுதி வரை தமிழில் படமே வெளியாகாமல் தயாரிப்பாளர்கள் நிறுத்தி வைத்தார்களே, அந்தச் சண்டையின் நடுவில் இருந்தது இந்தக் கட்டணம்தான். அதையும் கட்டினால் கிடைப்பது ஒரு காலைக் காட்சி. போஸ்டர் ஒட்டக் காசில்லை. வெள்ளி, சனி, ஞாயிறு. திங்கட்கிழமை தியேட்டரில் வேறு படம். அந்த மூன்று நாள் கல்லாவைப் பார்த்துத்தான் ‘மக்கள் தீர்ப்பு’ எழுதப்படுகிறது.

வெள்ளிக்கிழமை காலைக் காட்சிக்கு இந்தப் பக்கத்திலிருந்து யார் போக முடியும்? ஏ ஷிஃப்டில் இருப்பவர் லைனில். நைட் முடித்தவர் தூக்கத்தில். பி ஷிஃப்டுக்குப் போகிறவர் துணி துவைத்துக்கொண்டிருப்பார். ஞாயிறு லீவு கிடைத்தாலும் ஹாஸ்டலுக்கு வார்டனும் நேரமும் உண்டு. ஆக முதல் மூன்று நாள் தீர்ப்பில் ஓட்டுப் போடுகிறவர்கள், பெரும்பாலும், வேலை நேரம் கையில் இருக்கிற இளைஞர்கள். அவர்களைக் குறை சொல்லவில்லை. அவர்களை மட்டும் எண்ணிவிட்டு ‘மக்கள்’ என்று பெயர் வைப்பதைத்தான் குறை சொல்கிறேன்.

இந்தப் பெண்கள் சினிமா பார்க்காமல் இல்லை. மாலை ஷிஃப்ட் விடுகிற நேரத்தில் எந்தக் கம்பெனி பஸ்ஸிலும் ஏறிப் பாருங்கள். லைனுக்குள் சொந்த ஃபோனைக் கொண்டுபோக விடாத கம்பெனிகள் உண்டு. லாக்கரிலிருந்து எடுத்ததும் பஸ்ஸில் முதல் வேலை அதுதான். ஜன்னலோரத்தில் ஒருத்தி ஃபோனைக் கம்பியில் சாய்த்துவைத்து, இயர்ஃபோனில் ஒன்றைத் தான் மாட்டிக்கொண்டு மற்றதைப் பக்கத்தில் இருப்பவளுக்குக் கொடுத்திருப்பாள். நேற்று நிறுத்திய இடத்திலிருந்து ஓடும். சுங்குவார்சத்திரத்திலிருந்து பூந்தமல்லி வருவதற்குள் ஒரு துண்டு சினிமா. ‘சில்லுக் கருப்பட்டி’யில் நாலு கதை, ஒவ்வொன்றும் ஏறத்தாழ அரை மணி நேரம். யாரும் இந்தப் பஸ்ஸை மனதில் வைத்து எழுதியிருக்க மாட்டார்கள், ஆனால் அளவெடுத்துத் தைத்தது போலப் பொருந்துகிறது. ‘பிங்க் பேக்’ கதையில் குப்பைமேட்டுப் பையனுக்கு, பெரிய வீட்டிலிருந்து வருகிற குப்பைப் பையில் ஒரு சிறுமியின் படம் கிடைக்கிறது. அவளுடைய வீட்டை அவள் தூக்கிப்போடுகிற பொருளை வைத்தே அவன் தெரிந்துகொள்கிறான். யாரோ வாங்கப்போகிற ஃபோனை நாள் முழுக்கக் கையில் வைத்துப் பூட்டி அனுப்புகிற பெண்ணுக்கு இந்தக் கதையை யாரும் விளக்க வேண்டாம். இவர்கள் பார்க்கிற படம் எந்தக் கல்லாவிலும் ஏறுவதில்லை. பார்த்தது யாருக்கும் தெரிவதில்லை. தெரியாததால் பார்க்கவில்லை என்று எழுதிவிடுகிறார்கள்.

இந்த இடத்தில் ஒரு நல்ல கேள்வி வரும், அதைத் தாண்டிப் போக முடியாது. இதெல்லாம் சின்னப் படம் எடுக்கிற எல்லாருக்கும் உள்ள கஷ்டம்தானே, இதில் பெண் எங்கே வந்தாள்? வாஸ்தவம். ‘கூழாங்கல்’ 2021இல் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது வாங்கியும் பி.எஸ். வினோத்ராஜுக்குத் தியேட்டர் கதவு திறக்கவில்லை. ஆனால் அவருடைய அடுத்த படம் ‘கொட்டுக்காளி’யை சிவகார்த்திகேயன் தயாரித்தார், சூரி நடித்தார், 2024இல் தியேட்டரில் வந்தது. ஒரு நட்சத்திரத்தின் கண்ணில் பட்டு, அவர் கைகொடுக்கிற பாதை ஒன்று இருக்கிறது. வினோத்ராஜ் அதற்கு முழுத் தகுதி உள்ளவர். அந்தப் பாதையில் பெண்கள் எத்தனை பேர் நடந்திருக்கிறார்கள் என்பதுதான் கேள்வி. சூர்யாவின் 2டி நிறுவனம் ‘சில்லுக் கருப்பட்டி’யை எடுத்து வெளியிட்டதை மறக்கவில்லை. அதைப் போல இன்னும் ஐந்து உதாரணம் யாராவது சொல்லட்டும்.

அந்தப் பாதை ஆரம்பிக்கிற இடம் சாலிகிராமம், வளசரவாக்கம், வடபழனியில் இருக்கிற அறைகள். நாலு உதவி இயக்குநர்கள் சேர்ந்து எடுத்த ரூம், ராத்திரி முழுக்க டிஸ்கஷன், விடியற்காலையில் டீக்கடையில் பிடித்த தயாரிப்பாளரின் மேனேஜர். வாடகை கொடுக்க முடியாவிட்டால் இன்னொருத்தன் ரூமில் பாய். தமிழ் சினிமாவின் உண்மையான பிலிம் இன்ஸ்டிட்யூட் அதுதான். பேட்டிகளில் எல்லா இயக்குநரும் அதைப் பெருமையாகச் சொல்வார்கள். அந்த ரூமில் ஒரு பெண்ணைச் சேர்த்துக்கொள்வார்களா? சேர்த்தாலும் வீட்டுக்காரர் விடுவாரா? லாட்ஜில் ராத்திரி பதினோரு மணிக்குக் கதை பேசிவிட்டு இறங்கி வருகிற பெண்ணைப் பற்றி ரிசப்ஷனில் இருக்கிறவன் என்ன நினைப்பான் என்பதும் அவளுடைய தொழில் கணக்கில் சேர்கிறது. கேரளத்தில் சினிமாப் பெண்களின் நிலையை ஆராய்ந்த நீதிபதி ஹேமா குழுவின் அறிக்கை 2019 கடைசியில் அரசிடம் போய், 2024 ஆகஸ்டில்தான் வெளியே வந்தது. தங்குமிடமும் கழிப்பறையும் ராத்திரிக் கதவுத் தட்டலும் ஒரு பெண்ணின் தொழிலை எப்படித் தீர்மானிக்கின்றன என்று அதில் பக்கம் பக்கமாக இருக்கிறது. தமிழில் அப்படி ஒரு அறிக்கையே கிடையாது. ஆகவே இங்கே பிரச்சினையும் கிடையாது!

“சுதா கொங்கரா ஜெயிக்கலையா?” கேட்பார்கள் என்று தெரியும். ஜெயித்தார். ‘சூரரைப் போற்று’ ஐந்து தேசிய விருது வாங்கியது. அந்தப் பெயரைச் சொல்கிறவர்கள் அவருடைய வருஷங்களையும் சொல்லட்டும். 2002இல் ரேவதி இயக்கிய ‘மித்ர் மை ஃப்ரெண்ட்’ படத்துக்குத் திரைக்கதையில் பங்கு. பிறகு மணிரத்னத்திடம் வருஷக்கணக்கில் உதவி. 2010இல் ‘துரோகி’, ஓடவில்லை. அடுத்த படம் ‘இறுதிச்சுற்று’ 2016 ஜனவரியில். ஒரு தோல்விக்கு ஐந்து வருஷத்துக்கு மேல் தண்டனை, அதுவும் மணிரத்னத்தின் பள்ளியில் படித்தவருக்கு. பெரிய இடத்துத் தொடர்பு இல்லாத ஒருத்திக்கு எத்தனை வருஷம் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். ‘துரோகி’யோடு அவர் ஓய்ந்திருந்தால், இதே ஆட்கள் அவரையும் உதாரணம் காட்டியிருப்பார்கள், வேறு பட்டியலில்.

அந்த வேறு பட்டியல் பழையது. டி.பி. ராஜலட்சுமி 1936லேயே தான் எழுதிய நாவலைத் தானே திரைக்கதையாக்கி, ராஜம் டாக்கீஸ் என்று சொந்தக் கம்பெனி வைத்து ‘மிஸ் கமலா’வை இயக்கினார். பானுமதி 1953இல் ‘சண்டிராணி’. சாவித்திரி 1968இல் பெண்களை வைத்தே தெலுங்கில் ‘சின்னாரி பாப்பலு’, அடுத்த வருஷம் அதைத் தமிழில் ‘குழந்தை உள்ளம்’, 1971இல் ‘பிராப்தம்’. சாவித்திரி கதையைச் சொல்கிறபோது ஊர் எப்படிச் சொல்கிறது? டைரக்‌ஷன் ஆசையில் சொத்தை அழித்தாள் என்று. அதே காலத்தில் படம் எடுத்து வீடு வாசல் இழந்த ஆண்களின் கதையை ‘சினிமா ஒரு சூதாட்டம்’ என்று சொல்வார்கள். அவனுக்குத் தொழில் மோசம். அவளுக்குப் புத்தி மோசம்.

ஃபெஸ்டிவல் படம் என்ற குற்றச்சாட்டுக்கு வருகிறேன். இது எனக்கு எரிச்சலூட்டுகிற குற்றச்சாட்டு, ஏனென்றால் இது நடந்ததைத் தலைகீழாக்குகிறது. லீனா மணிமேகலை 2000களின் தொடக்கத்தில் எடுத்த முதல் ஆவணப்படம் ‘மாத்தம்மா’, அரக்கோணம் பக்கத்தில் சிறுமிகளைத் தெய்வத்துக்கு நேர்ந்துவிடுகிற வழக்கத்தைப் பற்றியது. ஸ்ரீபெரும்புதூரிலிருந்து அரக்கோணம் ஒன்றும் தொலைவில்லை. வெளிநாட்டுக்காரனுக்கு எடுத்தது என்றால் அது ஏன் நம் வாசலில் நடக்கிறது? தனுஷ்கோடி மீனவர்களும் அகதிகளும் தாங்களாகவே வந்து நடித்த ‘செங்கடல்’ படத்துக்கு 2011 ஜனவரியில் சென்னைத் தணிக்கை மண்டலம் சான்றிதழ் மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வரை போய் ஜூலையில்தான் வாங்க முடிந்தது. அந்தத் தீர்ப்பாயத்தையே 2021 ஏப்ரலில் ஒன்றிய அரசு அவசரச் சட்டத்தால் கலைத்துவிட்டது; இனி நேராக உயர் நீதிமன்றம், வக்கீல் செலவு. புதிரை வண்ணார் பெண்ணின் கதையான ‘மாடத்தி’ 2019இல் பூசான் விழாவில் திரையிடப்பட்டது. இங்கே மக்கள் பார்க்க முடிந்தது 2021இல், ஒரு சின்ன ஓடிடியில். உள்ளூரில் கதவைச் சாத்திவிட்டு, வெளியூரில் போய் நின்றவளைப் பார்த்து ‘இவள் வெளியூர்க்காரி’ என்கிறார்கள்.

பாயல் கபாடியாவுக்கு நடந்ததும் இதுதான். ‘ஆல் வி இமேஜின் ஆஸ் லைட்’ 2024இல் கான் விழாவில் கிராண்ட் ப்ரீ வாங்கியது. மும்பையில் ஒரே வீட்டில் தங்கி வேலைக்குப் போகிற மலையாள நர்சுகளின் கதை. ஆஸ்கருக்கு இந்தியப் படத்தைத் தேர்ந்தெடுத்த குழுவில் எல்லாரும் ஆண்கள். படம் ஐரோப்பியப் படம் பார்க்கிற மாதிரி இருந்தது என்று குழுவினர் கருதியதாகச் சொன்னார்கள். தண்டலத்தில் மூன்று பேருக்கு ஒரு அறை, ஒருத்தி நைட் முடித்து வரும்போது இன்னொருத்தி பகல் ஷிஃப்டுக்குக் கிளம்புகிறாள். இதில் ஐரோப்பா எங்கே இருக்கிறது என்று அந்தக் குழு வந்து காட்டினால் பார்க்கலாம்.

ஓடிடி வந்துவிட்டதே, இனி யார் தடுக்கிறார்கள் என்பது புதிய பாட்டு. கொரோனாக் காலத்தில் ஒரு ஜன்னல் திறந்தது உண்மை. இப்போது தியேட்டரில் எப்படிப் போகிறது என்று பார்த்துவிட்டுத்தான் பெரும்பாலும் விலை பேசுகிறார்கள். ஆகப் பழைய வெள்ளிக்கிழமையே திரும்பிவந்து உட்கார்ந்துவிட்டது. தணிக்கை வாரியத்துக்கு வெளியேயும் தணிக்கை உண்டு. வர்ஷா பரத்தின் ‘பேட் கேர்ள்’ ராட்டர்டாமில் நெட்பேக் விருது வாங்கியது, வெற்றிமாறன் தயாரிப்பு. 2025 ஜனவரியில் டீசர் வந்ததுமே சாதியை இழிவுபடுத்துகிறது, கலாசாரத்தைக் கெடுக்கிறது என்று கூச்சல். டீசரை இணையத்திலிருந்து எடுக்கச் சொன்னது உயர் நீதிமன்ற மதுரைக் கிளை. படம் செப்டம்பரில் வந்தது. அதோடு தன் தயாரிப்புக் கம்பெனியை மூடப்போவதாக வெற்றிமாறன் சொல்லிவிட்டார். அடுத்த பெண் கதையோடு போய்த் தட்டுவதற்கு ஒரு கதவு குறைந்தது.

அரசுப் பணம் பற்றிப் பேசாமல் இதை முடிக்க முடியாது. கேரளத்தில் திரைப்பட வளர்ச்சிக் கழகம் 2019 முதல் பெண் இயக்குநர்களுக்கு ஒரு படத்துக்கு ஒன்றரைக் கோடி ரூபாய் வரை செலவழித்துத் தானே தயாரிக்கிறது. ‘நிஷித்தோ’, ‘டிவோர்ஸ்’, ‘பி 32 முதல் 44 வரை’, ‘நிளா’ என்று படங்கள் வந்துவிட்டன. 2025 ஆகஸ்டில் திருவனந்தபுரத்தில் நடந்த திரைப்படக் கொள்கை மாநாட்டில் அடூர் கோபாலகிருஷ்ணன் இதை எதிர்த்தார். ஒன்றரைக் கோடி அதிகம், அதை மூன்று பேருக்குப் பிரித்துக் கொடுங்கள், முதலில் மூன்று மாதமாவது பயிற்சி கொடுங்கள், பெண் என்பதற்காக மட்டும் கொடுக்காதீர்கள் என்பது அவருடைய வாதம். பட்டியல் சாதியினருக்கான திட்டத்தையும் சேர்த்துத்தான் சொன்னார். அரங்கிலேயே எதிர்ப்பு வந்தது. அடூர் மேல் எனக்கு மரியாதை உண்டு, அதனால்தான் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. புனே அரசு நிறுவனத்தில் படித்தவர் அவர். ‘சுயம்வரம்’ எடுத்தது 1972இல், அரசின் ஃபிலிம் ஃபைனான்ஸ் கார்ப்பரேஷன் கொடுத்த கடனில். அது கடன், இது முதலீடு என்று பிரித்துச் சொல்லலாம், சரி. ஆனால் சந்தை நம்பாத ஒரு புதியவரைப் பொதுப்பணம் நம்பியது என்பது இரண்டிலும் ஒன்றுதான். முதல் படம் எடுக்கிற ஆண்களுக்குத் தனியார் பணம் கொட்டும்போது மூன்று மாதப் பயிற்சிச் சான்றிதழை யாரும் கேட்டதில்லை. ஐம்பது லட்சத்தில் எடுத்த படம் மெலிந்து வந்தால், ‘பாத்தீங்களா, லேடி டைரக்டர்’ என்று சொல்லப்போவதும் இதே ஆட்கள்தான்.

தமிழ்நாட்டில் அந்தச் சண்டைக்கே வழியில்லை, சண்டை போட ஒரு திட்டம் வேண்டுமே. குறைந்த செலவில் எடுத்த தரமான படங்களுக்கு ஏழு லட்சம் ரூபாய் மானியம் என்று ஒன்று உண்டு. அது படம் எடுத்து முடித்தவர்களுக்கு. எடுக்க முடியாமல் கதையைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறவளுக்கு அதில் இடமில்லை.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. வல்லம் வடகால் குடியிருப்பைக் கட்டியது அரசின் சிப்காட். அங்கே ஞாயிற்றுக்கிழமை மாலை ஒரு திரை கட்டி, ஒரு ப்ரொஜெக்டர் வைத்து, ‘ஏலே’யையோ ‘கருப்புதுரை’யையோ போடுங்கள். தலைக்கு இருபது ரூபாய் வாங்குங்கள். கொடுப்பார்கள், ரீசார்ஜுக்கு அதைவிட அதிகம் போகிறது. வசூலில் பாதி இயக்குநருக்கும் தயாரிப்பாளருக்கும் போகட்டும். தென் மாவட்டப் பிள்ளை சிரிக்கிற இடத்தில் ஒடிசாப் பிள்ளைக்குப் புரிய சப்டைட்டில் போடுங்கள், அதையும் ஏற்கெனவே செய்துதான் வைத்திருக்கிறார்கள், நீங்கள் கேலி செய்கிற அந்த ஃபெஸ்டிவல்களுக்காக. இருங்காட்டுக்கோட்டையிலும் ஒரகடத்திலும் அடுத்தடுத்து இதே மாதிரி வையுங்கள். பாதியில் எழுந்து போகிறார்களா, கடைசி வரை இருக்கிறார்களா என்று நின்று பார்த்து எண்ணுங்கள். எழுந்து போனால், அனுபவஸ்தர் சொன்னது சரி என்று நானே இதே பத்திரிகையில் எழுதித் தருகிறேன்.